செட்டிநாட்டு வீட்டுச் சுவர்ப் பூச்சு பெயர்ந்தால் சரிசெய்வது எப்படி?

காரைக்குடி, கானாடுகாத்தான், தேவகோட்டைப் பக்கத்துப் பழைய நகரத்தார் வீடுகளில் பர்மாத் தேக்குத் தூணுக்குக் கிடைக்கும் கவனம் சுவருக்குக் கிடைப்பதில்லை. கை வைத்தால் முட்டை ஓடு போல வழவழவென்று குளிர்ந்திருக்கும் அந்தப் பூச்சு சுண்ணாம்பால் ஆனது. பெயர்ந்த இடத்தில் தயவுசெய்து சிமெண்டை அப்பாதீர்கள். செங்கலும் சுண்ணாம்பும் ஈரத்தை வாங்கி வெளியே விடும். சிமெண்ட் அந்த வழியை அடைத்துவிடும். அடைபட்ட ஈரம் ஓரத்துப் பழைய பூச்சு வழியே வெளியேறும்போது அங்கே உப்புப் பூத்து, நன்றாக இருந்த இடமும் பொரிந்து உதிரும். பிளாஸ்டிக் எமல்ஷன் பெயிண்ட் செய்யும் கெடுதலும் இதுவே.

தண்ணீர் எங்கிருந்து இறங்குகிறது என்பதை முதலில் பாருங்கள்: நகர்ந்த நாட்டு ஓடு, முற்றத்தைச் சுற்றிய மழைநீர்த் தகர வாய்க்காலில் அடைத்த சருகு. அதை விட்டுவிட்டுப் பூசினால் செலவு தண்டம். ஐப்பசி, கார்த்திகை மழை ஓய்ந்து, தை பிறந்து சுவர் காய்ந்தபின் வேலையைத் தொடங்கி, சித்திரை வெயிலுக்குள் முடிப்பது நல்லது.

விரல் முட்டியால் சுவரைத் தட்டுங்கள். கெட்டியான இடம் 'டக்' என்று ஒலிக்கும்; உள்ளே விட்டுப்போன இடம் பானையைத் தட்டியதுபோல ஒலிக்கும். அதைச் சுற்றிச் சாக்பீஸால் கோடிட்டு, அந்த அளவு மட்டும் செங்கல் தெரியும்வரை கொத்தி எடுங்கள். செங்கல் இடுக்குகளை 10 மி.மீ. ஆழம் சுரண்டி, தூசியைத் துடைத்து நனைத்துவிடுங்கள்.

சுட்ட சுண்ணாம்பைத் தண்ணீரில் சிறிது சிறிதாகப் போட்டுத்தான் நீற்ற வேண்டும். சுண்ணாம்பின் மேல் தண்ணீரை ஊற்றினால் கொதித்துத் தெறிக்கும். கண்ணாடியும் கையுறையும் கட்டாயம். நீற்றியதை ஒரு மாதமாவது தண்ணீருக்குள் வையுங்கள். அவசரப்பட்டால் நீறாத துகள் பிறகு சுவரிலேயே வெடித்துக் குழி விழும்.

அடிப்பூச்சுக்கு 1 பங்கு சுண்ணாம்பு, 3 பங்கு சலித்த ஆற்று மணல். கடுக்காயைத் தட்டி வெல்லத்தோடு சில நாள் ஊறப்போட்டு வடித்த நீரில் குழையுங்கள். ஒரு தடவைக்கு 12 மி.மீ.க்கு மேல் ஏற்றினால் வெடிக்கும். ஈரச் சாக்கு தொங்கவிட்டு ஒரு வாரம் காயாமல் பாருங்கள். சுண்ணாம்பு காற்றிலுள்ள கரியமில வாயுவை இழுத்துத்தான் இறுகும். அதற்கு லேசான ஈரமும் வேண்டும். அடுத்தது 1:2 கலவையில் மெல்லிய பூச்சு.

கடைசிப் பூச்சில்தான் கைத்திறன் இருக்கிறது. வெண்ணெயாக அரைத்த சுண்ணாம்பில் முட்டை வெள்ளைக்கருவைச் சேர்த்து, 2 மி.மீ.க்கு மேல் போகாமல் இழுத்து, ஈரம் முழுதும் வற்றுமுன் வழவழப்பான கூழாங்கல்லால் தேய்க்க வேண்டும். வெள்ளைக்கரு அளவு கொத்தனாருக்குக் கொத்தனார் மாறும். உள்ளங்கை அகலத்துக்கு ஒரு மாதிரி பூசிப் பார்த்துவிட்டுத் தொடருங்கள்.

தொடங்குமுன் ஆத்தங்குடிக் கல்தரையைத் தார்ப்பாயால் மூடுங்கள். சுண்ணாம்பு சிந்தினால் அப்போதே ஈரத்துணியால் துடையுங்கள். ஆசிட் ஊற்றினால் கறையோடு பூ வேலைப்பாடும் அரித்துப் போகும்.