அச்சுப்படத்தின் ஓரத்தை முதலில் பாருங்கள்

டோக்கியோவின் ஜிம்போச்சோ பழைய புத்தகக் கடைகளில் மரக்கட்டை அச்சுப்படங்களைப் புரட்டுவது எனக்குப் பல வருடப் பழக்கம். ஆரம்பத்தில் ஓவியரின் கையெழுத்தைத் தேடுவேன். இப்போது முத்திரைகளைத்தான் முதலில் தேடுகிறேன். ஜப்பானின் எடோ காலத்தில் (1603-1868) படத்துக்குப் பணம் போட்டவர் பதிப்பாளர். ஓவியர், செதுக்குபவர், அச்சிடுபவர் எல்லோரும் அவருக்காக வேலை செய்தவர்கள். அவருடைய குறியும் தணிக்கை முத்திரையும் சேர்ந்து படத்தின் வயதைச் சொல்லிவிடும்.

மலை வடிவத்துக்குக் கீழே ஒரு கொடியிலை இருந்தால் அது பதிப்பாளர் ட்சுதாயா ஜூசாபுரோவின் குறி. ஷராக்கு என்ற ஓவியரின் நாடக நடிகர் படங்களை வெளியிட்டவர். 1791-ல் தடை மீறிய புத்தகங்களுக்காக அவருடைய சொத்தில் பாதி பறிபோனது. எழுதிய சாந்தோ கியோதெனுக்கு 50 நாள் கைவிலங்கு. இதை அறிந்த பிறகு அந்தச் சின்ன வட்டத் தணிக்கை முத்திரைகளை என்னால் அலட்சியமாகப் பார்க்க முடிவதில்லை.

சரி, முத்திரைக்கு வருவோம். 'கிவாமே' (சரிபார்க்கப்பட்டது) என்ற ஒற்றை எழுத்து வட்டம் இருந்தால் சுமார் 1790 முதல் 1842-க்குள். அதன்பின் தணிக்கையாளரின் பெயர் முத்திரை: 1847 வரை ஒன்று, பிறகு இரண்டு. 1850-களில் 'அராதாமே' (பரிசோதிக்கப்பட்டது) முத்திரையுடன் தேதி முத்திரையும் வரும். அதில் ஆண்டு, 12 ஆண்டுச் சுழற்சியின் மிருகப் பெயராகவும் மாதம் எண்ணாகவும் இருக்கும்.

ஓவியர் ஹிரோஷிகேயின் ஷின்-ஓஹாஷி பாலத்து மழைப் படத்தில் 'பாம்பு, 9' என்று இருக்கும். பாம்பு ஆண்டு 12 வருடத்துக்கு ஒருமுறை வரும்; 1857-ஆ, 1869-ஆ? அராதாமே முத்திரையும் தேதி முத்திரையும் தனித்தனியாக இருந்தால் 1857. ஒரே வட்டத்துக்குள் சேர்ந்திருந்தால் 1869. இந்தப் படம் 1857. பதிப்பாளர் உவோயா எய்கிச்சி.

ஆனால் முத்திரையும் மரத்தில் செதுக்கப்பட்டதுதான். பின்னாளில் புதுக் கட்டை செதுக்கியவர்கள் அதையும் சேர்த்தே நகலெடுத்தார்கள். தெளிவான முத்திரையை நம்பி இதே மழைப் படத்தை வாங்கி நானும் ஏமாந்தேன். அப்புறம்தான் உருப்பெருக்கி வாங்கினேன். சீரான புள்ளிகள் தெரிந்தால் அது இயந்திர அச்சு, அங்கேயே வைத்துவிடலாம். புள்ளி இல்லையென்றால் தாளைத் திருப்பிப் பாருங்கள்: நிறம் பின்புறம் ஊறியிருக்கும், பாரென் (தாளைக் கட்டைமேல் அழுத்தித் தேய்க்கும் வட்டக் கருவி) தேய்த்த வட்டத் தடங்கள் தெரியும். கைநகலிலும் இவை உண்டு. ஆகவே கடைசியாக, புரூக்ளின் அருங்காட்சியகம் இணையத்தில் வைத்திருக்கும், இந்த மழைப் படம் இடம்பெற்ற 'எடோவின் நூறு புகழ்பெற்ற காட்சிகள்' முழுத் தொகுதியைத் திறந்து, மழைக்கோடுகளை ஒவ்வொன்றாக ஒப்பிடுங்கள். ஒரு கோடு முடியும் இடம் மாறினாலும் கட்டை வேறு.