ஃப்ரிட்ஜுக்குள் வண்டிச் சாவி: குறும்படம் எடுப்பவர்களுக்கு ஒரு குறிப்பு

சென்னையில் முதல் குறும்படம் எடுக்கும் நிறையப் பேர், குறும்படம் எடுக்கத் திண்டாடும் ஒருவனைப் பற்றித்தான் எடுக்கிறார்கள். வடபழனி வாடகை அறைதான் லொகேஷன், கூடத் தங்கியிருப்பவன்தான் ஹீரோ. சரி, கதை எப்படியோ போகட்டும். வசனமாவது காதில் விழ வேண்டாமா?

ஷாட்டுக்கு முன் ஃபேனையும் ஃப்ரிட்ஜையும் நிறுத்துங்கள். நாம் கவனிக்காத அந்த உறுமலை மைக் விடாமல் பிடிக்கும். எடிட்டில் அதை அடியோடு நீக்கப் போனால் குரலும் சேர்ந்து கெடும். மே மாதத்தில் ஃபேன் இல்லாமல் நடித்தால் ஹீரோவின் வியர்வைக்குத் தனியாக மேக்கப் தேவையில்லை. நிறுத்திய ஃப்ரிட்ஜைத் திரும்பப் போட மறக்காமலிருக்க, வண்டிச் சாவியை அதற்குள்ளேயே வைத்துவிடுங்கள். சாவி இல்லாமல் யாரும் கிளம்ப முடியாது. வீட்டு ஓனரின் மீன் குழம்பும் பிழைக்கும்.

காட்சி முடிந்ததும், ‘பேக்கப்’ (இன்றைய ஷூட்டிங் முடிந்தது) என்று சொல்வதற்கு முன், எல்லோரையும் வாயை மூடச் சொல்லி அறையின் வெறும் சத்தத்தை 30 விநாடி பதிவு செய்யுங்கள். எடிட்டில் வசனத்துக்கு நடுவே விழும் ஓட்டைகளை அடைக்க அதுதான் உதவும். சரியாக அப்போதுதான் காக்கை கத்தும், பக்கத்து வீட்டுக் குக்கர் விசிலடிக்கும், உதவி இயக்குநருக்குச் சிரிப்பு வரும். மறுபடி எடுங்கள்.

டியூப்லைட் மினுக்கினால் கேமராவின் ஷட்டர் வேகத்தை 1/50 விநாடியில் வையுங்கள், நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் அதோடு ஒத்துப்போகும். மொபைலில் எடுப்பவர்கள் ஏரோப்ளேன் மோடு போட்டுவிடுங்கள். ஹீரோ கண்கலங்கும் குளோசப்பில்தான் அம்மா "சாப்டியாடா?" என்று கூப்பிடுவார்.