செந்நரம்புச் சுக்கான்: டெல்டா முற்றத்துக்கு ஒரு பனிக்காலக் கீரை

ஒரு இலையைக் கிள்ளிக் காலை வெயிலுக்கு நேரே பிடித்துப் பாருங்கள். காம்பிலிருந்து பீட்ரூட் நிறத்தில் நடுநரம்பு தடித்து ஏறும். அதிலிருந்து கிளை, கிளையிலிருந்து கிளை என்று பிரிந்து ஓரத்தில் மயிரிழையாக மெலியும். கல்லணைக்குக் கீழே ஆறு, கால்வாய், வாய்க்கால் என்று பிரிகிற வரைபடம் அப்படியே பச்சையில் சிவப்பாகப் போட்டதுபோல் இருக்கும். இதுதான் செந்நரம்புச் சுக்கான். தாவரப் பெயர் ரூமெக்ஸ் சாங்குயினியஸ். ஐரோப்பாவும் அதை அடுத்த மேற்காசியாவும் வட ஆப்பிரிக்காவும் இதன் தாயகம். நம் சுக்கான் கீரையின் நெருங்கிய சொந்தம், அதே புளிப்புதான். சுக்கான் கீரை ஒரு பருவத்தோடு முடிந்துவிடும். இது அதன் ஊர்க் குளிரில் பல ஆண்டு வாழும்.

தஞ்சாவூர், திருவாரூர், மயிலாடுதுறைப் பக்கம் இதை வளர்க்க நினைப்பவர்கள் முதலிலேயே ஒன்றை முடிவு செய்துகொள்வது நல்லது. இதைப் பனிக்காலக் கீரையாக நடத்துங்கள். நாற்று கார்த்திகையில், நடவு மார்கழியில், பறிப்பு பொங்கல் முதல் பங்குனி வரை. சித்திரை வெயிலில் காப்பாற்றியே தீர வேண்டும் என்று நிழல்வலை, தெளிப்பான் என்று செலவழிப்பதைவிட அடுத்த ஐப்பசியில் புது விதை வாங்குவது மலிவு.

விதை வாங்கும்போது

கடையில் ஆங்கிலத்தில் ‘சாரல்’ (sorrel) என்று எழுதிய பொட்டலம் எல்லாம் இது ஆகாது. கரீபியத் தீவுகளில் அந்தப் பெயர் நம் சிவப்புப் புளிச்ச கீரைக்கு, அதாவது ரோசெல்லுக்கு உரியது. பிரித்துப் பார்த்தால் தெரிந்துவிடும். புளிச்ச கீரை விதை பெரிது, சிறுநீரக வடிவம், மங்கல் நிறம். ரூமெக்ஸ் விதை பொடி, மூன்று பட்டை, பளபளப்பான பழுப்பு. முழு இலையும் சிவந்த தண்டுக்கீரையும் வேறு. புளியாரையும் வேறு.

நாற்று

கார்த்திகை முதல் வாரத்தில் குழித்தட்டில் போடுங்கள். கழுவிய தென்னை நார்க்கழிவு இரண்டு பங்கு, சலித்த மண்புழு உரம் ஒரு பங்கு. ‘கழுவிய’ என்பதைக் கவனியுங்கள். நார்க்கழிவில் உப்பு இருக்கும். வாளியில் ஊறவைத்துப் பிழிந்து, புதுத் தண்ணீரில் மறுபடி ஊறவைத்துப் பிழிந்து, மூன்று முறை செய்தால் போதும். குழிக்கு இரண்டு விதை. அரை சென்டிமீட்டருக்கு மேல் ஆழம் வேண்டாம், மேலே மெல்லத் தூவி அழுத்தினாலே முளைக்கும். 7 நாளிலிருந்து 14 நாளுக்குள் முளை தெரியும்.

தட்டை மழை படாத, வெளிச்சம் படுகிற இடத்தில், தாழ்வாரத்திலோ திண்ணை ஓரத்திலோ வையுங்கள். கார்த்திகையில் நாற்று சாவது பெரும்பாலும் நாற்றழுகலால்தான். தரை மட்டத்தில் தண்டு கறுத்து, நூலாகச் சுருங்கி, ஒரே இரவில் சாய்ந்துவிடும். காரணம் ஈரம் அதிகம், காற்றோட்டம் குறைவு. பூவாளியால் மேலே ஊற்றாமல், தட்டைக் கால்மணி நேரம் தண்ணீர் ஊற்றிய தாம்பாளத்தில் வைத்து அடியிலிருந்து உறிஞ்சவிட்டு எடுத்துவிடுங்கள். மேல்மண் லேசாகக் காய்ந்த பிறகே அடுத்த தண்ணீர். நார்க்கழிவில் கிலோவுக்கு 5 கிராம் டிரைக்கோடெர்மா விரிடி (அழுகலைத் தடுக்கும் நன்மைப் பூஞ்சைப் பொடி) கலந்துகொண்டால் இன்னும் நல்லது. இரண்டும் முளைத்த குழியில் மெலிந்ததைப் பிடுங்காமல் கத்தரியால் வெட்டிவிடுங்கள். பிடுங்கினால் மற்றதன் வேர் அசையும்.

தொட்டியும் மண்ணும்

நாலைந்து இலை வந்ததும், சுமார் ஒரு மாதத்தில், மாற்றி நடலாம். இதற்கு ஆணிவேர் உண்டு. வாய் 12 அங்குலம், ஆழம் 10 அங்குலம் உள்ள தொட்டியில் ஒரு செடி. சின்னத் தொட்டியில் வைத்தால் வேர் முட்டி, இலை சிறுத்து, சீக்கிரம் முற்றும்.

வயல் களியை மட்டும் போட்டு நிரப்பாதீர்கள். நம் களிமண் ஈரத்தில் குழையும், காய்ந்தால் விரல் நுழையும்படி வெடிக்கும். இரண்டும் இந்த வேருக்கு ஆகாது. கொள்ளிடக் கரை, காவிரிக் கரைப் படுகை மண் கிடைப்பவர்கள் பாக்கியசாலிகள். படுகை மண் ஒரு பங்கு, நன்றாக மக்கிய தொழு உரம் ஒரு பங்கு, கழுவிய நார்க்கழிவு ஒரு பங்கு, கருக்கிய உமி அரைப் பங்கு, ஒரு கைப்பிடி வேப்பம் புண்ணாக்கு. உமி கறுப்பாகக் கரிந்திருக்க வேண்டும். அரிசி ஆலையில் கொட்டிக் கிடக்கும் வெளுத்த சாம்பல் வேண்டாம். அது மண்ணைக் காரமாக்கும், சுக்கானுக்கோ சற்றே புளித்த மண்தான் பிடிக்கும்.

நடும்போது இலைகள் கிளம்பும் குருத்துப்பகுதி மண் மட்டத்துக்கு மேலே தெரிய வேண்டும். ஆழப் புதைத்தால் அங்கே தண்ணீர் தங்கி அழுகும். தொட்டிக்கு அடியில் மூன்று செங்கல் துண்டு வைத்து உயர்த்துங்கள். தரையோடு ஒட்டி இருந்தால் மார்கழித் தூறலில்கூட அடித்துளை அடைத்துக்கொள்ளும். தரையில் நடுபவர்கள் ஒரு சாண் உயரத்துக்கு மேட்டுப்பாத்தி போட்டு, செடிக்குச் செடி ஒரு சாணுக்குக் கொஞ்சம் கூடுதலாக இடம் விடுங்கள். இரண்டு அங்குலம் வைக்கோல் மூடாக்கு போடலாம், குருத்தைச் சுற்றி நாலு விரல் தள்ளி.

அழகுக்கு வைக்கும் இடம்

காலை வெயில் மூன்று நான்கு மணி நேரம் விழுகிற கிழக்கு முற்றம் சரி. அடர்ந்த நிழலில் செடி பிழைக்கும், ஆனால் நரம்பின் சிவப்பு வெளிறிப்போகும். அந்த நிறத்துக்கு வெளிச்சம் தேவை. தழைச்சத்தை அள்ளிக் கொடுத்தாலும் இலை பெரிதாகி, நிறம் கம்மியாகி, அசுவினிப் பூச்சி வந்து குவியும்.

செம்மண் தொட்டியில் இதன் சிவப்பு எடுபடாது. சாம்பல் நிற சிமென்ட் தொட்டியோ சுண்ணாம்பு அடித்த தொட்டியோ வைத்துப் பாருங்கள், வாசலில் நிற்பவர் கண்ணுக்கே நரம்பு தெரியும். பக்கத்தில் கொத்தமல்லி, வெளிர்பச்சை லெட்யூஸ் பொருந்தும். ஒரே தொட்டியில் புதினா வேண்டாம், வேரோடி இதை அமுக்கிவிடும்.

தண்ணீர், உரம்

மண் எப்போதும் ஈரப்பதமாக, ஆனால் சொதசொதப்பு இல்லாமல். மார்கழி, தையில் ஒரு நாள் விட்டு ஒரு நாள், மாசி கடைசியிலிருந்து தினமும் காலையில். வேதாரண்யம், நாகப்பட்டினம் பக்கம் போர் தண்ணீர் உப்பாக இருந்தால் இலை ஓரம் தீய்ந்து பழுப்பாகும். அதைப் பூச்சி என்று நினைத்து மருந்தடித்துப் பயனில்லை. ஐப்பசி, கார்த்திகை மழையைப் பீப்பாயில் பிடித்து வைத்தால் நாலைந்து தொட்டிக்குக் கணிசமாக உதவும்.

பதினைந்து நாளுக்கு ஒருமுறை கடலைப் புண்ணாக்குக் கரைசல் போதும். 100 கிராமை ஒரு லிட்டர் தண்ணீரில் மூன்று நாள் ஊறவைத்து, பத்து மடங்கு தண்ணீர் சேர்த்து, தொட்டிக்குக் கால் லிட்டர். பச்சையாகத் தின்னும் இலை இது, அதனால் கரைசலை மண்ணில்தான் ஊற்ற வேண்டும், இலையில் தெளிக்கக் கூடாது.

அசுவினி குருத்திலும் இலையின் அடியிலும் ஒட்டும். முதலில் தண்ணீரைப் பீய்ச்சி அடியுங்கள், பாதிக்கு மேல் போய்விடும். மிச்சத்துக்கு லிட்டருக்கு 5 மில்லி வேப்பெண்ணெய், கொஞ்சம் சோப்புக் கரைசல், மாலையில். தெளித்த பிறகு ஒரு வாரம் பறிக்காதீர்கள். இலைக்குள் வெள்ளைக் கோடு கோடாகப் போனால் உள்ளே புழு இருக்கிறது. அந்த இலையைக் கிள்ளி நசுக்குவதே வைத்தியம். நத்தைக்கு ஈரச்சாக்கு ஒன்றைத் தொட்டி அருகே இரவில் விரித்து, விடியலில் புரட்டிப் பொறுக்குங்கள்.

பறிக்கப் பறிக்கத்தான் அழகு

அழகுச் செடி என்று பறிக்காமல் விடுவதுதான் இதில் அதிகம் நடக்கிற தவறு. முற்றிய இலை தடித்து, புள்ளி விழுந்து, கசந்து, தரையில் படுத்துவிடும். பார்க்கவும் ஆகாது, தின்னவும் ஆகாது. வாரம் ஒருமுறை வெளிச்சுற்றில் முற்றியதை அடியோடு கிள்ளி உரக்குழியில் போடுங்கள். சமையலுக்கு விரல் நீளத்து இளம் இலைகளை எடுத்து, நடுவில் ஐந்தாறு இலையை எப்போதும் விட்டுவையுங்கள். இப்படிச் செய்தால் புதுக்குருத்து ஓயாமல் வரும், நிறமும் புதிதாகவே இருக்கும்.

பூத்தண்டு நீண்டால் உடனே வெட்டுங்கள். தண்டு ஏறினால் இலை நின்றுபோகும். விதை விழுந்தால் கண்ட இடத்தில் முளைக்கும். வெட்டியதை வாய்க்காலில் எறியக் கூடாது, விதை தண்ணீரோடு அடுத்தவர் வரப்புக்குப் போகும். கட்டுக்கட்டாக ஆட்டுக்குப் போடுவதும் வேண்டாம், ஆக்சாலிக் அமிலம் அதிகமானால் கால்நடைக்கு நஞ்சு.

அடுப்படியில்

அந்த ஆக்சாலிக் அமிலம்தான் இதன் புளிப்பு. பிரண்டையில் நாக்கை அரிப்பது ஊசிபோன்ற கால்சியம் ஆக்சலேட் என்பதால் தின்னும்போதே எச்சரிக்கை கிடைத்துவிடும். சுக்கானில் பெரும்பகுதி தண்ணீரில் கரையும் வகை. அரிக்காது, அதனால் அளவு தெரியாமல் உள்ளே போகும். பச்சையாக ஆளுக்கு ஐந்தாறு இளம் இலை, வாரம் ஓரிரு முறை போதும். சிறுநீரகக் கல் வந்தவர்கள், சிறுநீரகக் கோளாறு உள்ளவர்கள் தவிர்ப்பதே சரி.

தயிர்ப் பச்சடி இதற்கு மிகப் பொருத்தம். தயிரின் கால்சியம் ஆக்சலேட்டைப் பிடித்துக்கொள்வதால் உடம்பு உறிஞ்சுவது குறையும். 15 இளம் இலையைச் சுருட்டி நூலாக அரிந்து, நாலு சின்ன வெங்காயம், ஒரு பச்சை மிளகாய், உப்பு சேர்த்து ஒரு கப் கெட்டித் தயிரில் கலக்குங்கள். தயிர் புளிக்காததாக இருக்கட்டும். இலையைப் பரிமாறும் நேரத்தில்தான் சேர்க்க வேண்டும், முன்னாலேயே கலந்தால் துவண்டுவிடும்.

கடையலுக்கு 100 கிராம் பாசிப்பருப்பு, இரண்டு கைப்பிடி இலை. பருப்பை மஞ்சள்தூளோடு தனியே குழைய வேகவையுங்கள். இலையை முதலிலேயே சேர்த்தால் புளிப்பால் பருப்பு வேகாமல் விரைத்து நிற்கும். இலையைக் கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டு, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, நறுக்கி, வெந்த பருப்பில் சேர்த்து இரண்டு கொதி. நாலு பல் பூண்டு, சீரகம், காய்ந்த மிளகாய் தாளித்துக் கடையுங்கள். புளி சேர்க்க வேண்டாம். வெந்ததும் பச்சை மங்கிக் காக்கி நிறமாகும், சிவப்பும் கரைந்துபோகும். அமிலம் சூட்டில் செய்கிற வேலை அது, கீரை கெட்டதாக அர்த்தம் இல்லை. நிறம் வேண்டுமென்றால் வேகவைக்காத இலை இரண்டை மேலே கிள்ளிப் போடுங்கள். மண்சட்டி, கல்சட்டி, எவர்சில்வர் பாத்திரம் எது வேண்டுமானாலும் சரி. அலுமினியமும் இரும்பு வாணலியும் வேண்டாம். புளிப்பு உலோகத்தை அரித்து ருசியை மாற்றிவிடும்.

பங்குனிக்குப் பிறகு

இலை ஒடுங்கி, தோல் போல் தடித்து, கசக்கத் தொடங்கினால் பருவம் முடிந்தது. எல்லாத் தொட்டியையும் வைத்துக்கொண்டு போராடாமல் நல்லதாக இரண்டைத் தேர்ந்தெடுங்கள். இரண்டு அங்குலம் விட்டு மேலே வெட்டி, கொடிக்காலில் வெற்றிலைக்கு அகத்தி நிழல் கொடுப்பதுபோல் சல்லடை நிழல் விழும் இடத்துக்கு மாற்றி, காலை மாலை தண்ணீர் கொடுங்கள். உரம் வேண்டாம். பிழைத்தால் அடைமழைக்குக் கூரையின் கீழ் வைத்திருந்து, மழை ஓய்ந்ததும் தூரைத் தோண்டி, குருத்தும் வேரும் சேர்ந்திருக்கும்படி கத்தியால் இரண்டு மூன்றாகப் பிரித்து நடலாம்.