அண்ணனுக்கு ஒரு கார்டு, தங்கைக்கு ஒரு கார்டு: எமுலேட்டர் சேவ்களைப் பத்திரப்படுத்தும் வழி

சிங்கப்பூரில் எங்கள் ஈசூன் வீட்டில் ஒரே மடிக்கணினியில் மூன்று பேர் பழைய கேம் விளையாடுகிறோம். மகன் தேசிய சேவையில் இருக்கிறான். வெள்ளி மாலை முகாமிலிருந்து புக் அவுட் ஆகி வந்தால்தான் அவனுக்கு ஆட்டம். வார நாட்களில் மகள் ராஜ்ஜியம். இருவரும் தூங்கிய பிறகு நான். அதனால் சேவ் கோப்புகளுக்குக் காவலும் நானே, சண்டை வந்தால் பஞ்சாயத்தும் நானே.

பழைய கேம் கன்சோல் போலவே கணினியையோ கைபேசியையோ நடக்க வைக்கும் மென்பொருள்தான் எமுலேட்டர். அதில் சேவ், அதாவது ஆட்டத்தில் எட்டிய இடத்தைப் பதிந்து வைப்பது, இரண்டு வகை. ஆட்டத்தின் மெனுவுக்குள் போய்ச் செய்வது ஒன்று. அது மெமரி கார்டில் எழுதப்படும். பிளேஸ்டேஷன் 2 கார்டு 8 எம்பி; முதல் பிளேஸ்டேஷனுக்கு 128 கேபி, அதில் 15 பிளாக். கையில் பிடித்த அந்தக் கார்டு எமுலேட்டரில் ஒரு கோப்பாகக் கிடக்கிறது, அவ்வளவுதான். இன்னொன்று சேவ் ஸ்டேட். பட்டனை அழுத்திய நொடியில் கன்சோலின் நினைவகம் எப்படி இருந்ததோ, அதை முழுசாக எடுத்து வைத்துக்கொள்ளும். பெரிய வில்லனோடு மோதும் முன் போட்டுக்கொள்ள நல்லது. ஆனால் எமுலேட்டரைப் புதுப்பித்தால் பழைய ஸ்டேட் திறக்காமல் போகலாம். கார்டுக்கு அந்தப் பயம் கிடையாது.

ஸ்டேட்டில் இதைவிடப் பெரிய வம்பு ஒன்று இருக்கிறது. பல கன்சோல் ஆட்டங்களையும் ஒரே இடத்தில் ஓட்டும் ரெட்ரோஆர்ச் என்ற மென்பொருளில் கேம்பாய் அட்வான்ஸ் ஆட்டம் ஒன்றை ஆடுகிறீர்கள் என்று வையுங்கள். நேற்று இரவு ஆட்டத்துக்குள் ஒழுங்காக சேவ் செய்துவிட்டீர்கள். இன்று ஏதோ ஞாபகத்தில் போன வாரத்து ஸ்டேட்டைத் திறக்கிறீர்கள். அந்த ஸ்டேட்டுக்குள் போன வாரத்து சேவும் ஒட்டிக்கொண்டே வரும். ஆட்டத்தை மூடும்போது அந்தப் பழசே, ஆட்டத்துக்குள் செய்த சேவ் இருக்கும் எஸ்ஆர்எம் கோப்பில் எழுதப்படும். நேற்றையது போச்சு. இதற்கென்றே ரெட்ரோஆர்ச்சின் சேவிங் அமைப்புகளில், ஸ்டேட் திறக்கும்போது சேவ்ராமை (ஆட்டத்துக்குள் செய்த சேவை) தொடாதே என்று ஒரு தெரிவு உண்டு. அதை ஆன் செய்யுங்கள். பக்கத்திலேயே சேவ்ராமைத் தானாக எழுதும் இடைவெளியும் இருக்கும். 60 விநாடி வைக்கலாம். கைபேசியில் மூடாமலே செயலியைத் தள்ளிவிடும் பழக்கம் உள்ளவர்களுக்கு இது கட்டாயம். ஆட்டம் முடிக்கும்போது எப்போதும் ஆட்டத்துக்குள்ளேயே சேவ் செய்ய வேண்டும், இது எங்கள் வீட்டுச் சட்டம்.

சரி, பங்கு பிரிப்போம். பிளேஸ்டேஷன் 2 எமுலேட்டரான பிசிஎஸ்எக்ஸ்2வில் மெமரி கார்டு அமைப்புக்குப் போய் ஆளுக்கொரு புதுக் கார்டு உருவாக்கி, அவரவர் பெயரையே வையுங்கள். யார் ஆடுகிறாரோ அவர் கார்டு முதல் ஸ்லாட்டில். ஆட்டம் ஓடாதபோதுதான் மாற்ற வேண்டும். அண்ணன் சேவின் மேல் தங்கை எழுதிவிட்டாள் என்ற புகார் அத்தோடு நின்றுவிடும்.

சிங்கப்பூரில் வாங்கிய டிஸ்க் வைத்திருப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். இங்கே விற்ற பிளேஸ்டேஷன் 2 ஜப்பான் வட்டாரத்தோடு சேர்ந்தது. சேவின் பெயரிலேயே டிஸ்க் எண் இருக்கும். அமெரிக்கப் பதிப்பின் சேவை யாராவது கொடுத்தால், கார்டில் அது இருக்கும். உங்கள் ஆட்டம்தான் பெரும்பாலும் கண்டுகொள்ளாது. கோப்பு கெட்டுவிட்டது என்று அவசரப்பட்டு அழிக்காதீர்கள்.

வேலைக்குப் போகும்போது எம்ஆர்டி ரயிலில், கைபேசியில் எனக்கு பிபிஎஸ்எஸ்பிபி. பிஎஸ்பி என்ற கையடக்க பிளேஸ்டேஷனுக்கான எமுலேட்டர் அது. முதன்முறை திறக்கும்போது ஃபோல்டர் எங்கே வேண்டும் என்று கேட்கும். நீங்களாக ஓர் இடத்தைக் காட்டுங்கள். செயலியின் சொந்த ஃபோல்டரில் விட்டால், செயலியை நீக்கும் நாளில் சேவும் கூடவே போய்விடும். பிஎஸ்பி ஃபோல்டருக்குள் சேவ்டேட்டா என்று ஒன்று இருக்கும். ஆட்டத்தின் எண்ணோடு உள்ள ஃபோல்டரை அங்கிருந்து முழுதாகக் கணினிக்கு நகலெடுத்தால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். எது புதியது என்று தேதியைப் பார்த்துவிட்டு எடுங்கள்.

பேக்கப்புக்குத் தனி மென்பொருள் எதுவும் வேண்டாம் என்பது என் கட்சி. எமுலேட்டரை முதலில் மூடுங்கள். பிசிஎஸ்எக்ஸ்2வின் கார்டுகள் இருக்கும் மெம்கார்ட்ஸ் ஃபோல்டரை நகலெடுத்து, ஆண்டு, மாதம், நாள் என்ற வரிசையில் பெயரிடுங்கள். தானாகவே வரிசைப்படி நிற்கும். தம்ப் டிரைவில் ஒன்று, இணையச் சேமிப்பில் ஒன்று. எல்லாம் சேர்த்தாலும் கைபேசியில் எடுத்த ஒரு கல்யாண வீடியோ அளவுகூட வராது.

நகல் நல்ல நகல்தானா என்று பார்ப்பதும் சுலபம். அதை வேறு பெயரில் மெம்கார்ட்ஸ் ஃபோல்டரில் போட்டு, இரண்டாவது ஸ்லாட்டில் மாட்டி, டிஸ்க் இல்லாமல் பயாஸை (கன்சோலின் சொந்தத் தொடக்க மென்பொருளை) மட்டும் தொடங்குங்கள். பழைய பிளேஸ்டேஷன் 2 திரை வரும். அந்தத் திரையிலேயே உள்ள பிரவுசரில் அந்தக் கார்டைத் திறந்தால் உங்கள் சேவ்கள் சின்னச் சின்ன உருவங்களாகத் தெரியும்.

ரெட்ரோஆர்ச்சில் சேவ் காணவில்லை என்றால் கேம் கோப்பின் பெயரை யாராவது மாற்றினார்களா என்று முதலில் கேளுங்கள். கேம் கோப்பின் பெயரும் சேவ் கோப்பின் பெயரும் எழுத்துப் பிசகாமல் ஒன்றாக இருக்க வேண்டும். எங்கள் வீட்டில் அநேகமாக மகள்தான் மாற்றியிருப்பாள்.