மேடைப் பெயரை வைத்துக்கொண்டு மியூசிக் ஹால் கலைஞரின் வாழ்க்கையைத் தேடுவது எப்படி

விக்டோரியா காலத்து இசைத்தாள் ஒன்றின் அட்டையில் 'நெல்லி பவர் பாடியது' என்று அச்சாகியிருக்கும். அந்தப் பெயரை அப்படியே இங்கிலாந்தின் பிறப்புப் பதிவில் தேடினால் வேறு யாரோ ஒருவரின் குடும்பக் கதைக்குள் போய் விழுவீர்கள். பாடகி நெல்லியின் இயற்பெயர் எலன் மரியா லிங்ஹாம். பாட்டும் நகைச்சுவையுமாக நிகழ்ச்சி நடந்த அக்காலக் கேளிக்கை அரங்குகளான மியூசிக் ஹால்களில் ஆடிப் பாடி, இன்று பெயர் மங்கிப்போன கலைஞர்கள் பலருக்கும் இதுதான் முதல் முடிச்சு.

தேடலைப் பிறப்பிலிருந்து தொடங்காதீர்கள், சாவிலிருந்து தொடங்குங்கள். நெல்லி பவர் 1887 ஜனவரியில், 32 வயதில் இறந்தார். 1838 முதல் 1939 வரை வெளிவந்த 'தி எரா' வாரப் பத்திரிகையும், 1880இல் தொடங்கிய 'தி ஸ்டேஜ்' பத்திரிகையும் கலைஞர்களின் மறைவுச் செய்திகளை வெளியிட்டன. இயற்பெயர் பல நேரம் அங்கேதான் முதன்முதலாகக் கண்ணில் படும். இறந்த வாரத்தோடு நிறுத்தாமல் அடுத்த மூன்று இதழ்களையும் பாருங்கள்; இறுதிச் சடங்குச் செய்தியில் உறவினர் யார் யார் வந்தார்கள் என்பது இருக்கலாம். பிறகு கல்லறைப் பதிவேடு. நெல்லி பவர் அடக்கமானது லண்டன் ஸ்டோக் நியூயிங்டனில் உள்ள அப்னி பார்க் கல்லறையில். ஒரே குழியில் பல பெயர்கள் இருந்தால் உடனே குடும்பம் என்று முடிவுகட்டாதீர்கள். குடும்பம் விலை கொடுத்து வாங்கிய குழியா, முன்பின் தெரியாதவர்களைச் சேர்த்துப் புதைக்கும் பொதுக் குழியா என்று பதிவேட்டில் பார்த்த பிறகுதான் அந்தப் பெயர்களை நம்பலாம்.

இனி அரசுப் பதிவின் பிறப்பு, திருமணம், இறப்புப் பட்டியல்கள். இங்கிலாந்திலும் வேல்ஸிலும் இவை 1837 ஜூலை 1 முதல் தொடங்குகின்றன. ஸ்காட்லாந்துக்கு 1855 முதல், தனியாக. மேடைப் பெயர், பிறந்த பெயர், கணவர் பெயர் என மூன்றையும் போட்டுத் தேடுங்கள். நெல்லி 1874இல் பார்னெட் என்பவரை மணந்தார். ஆகவே பவர், லிங்ஹாம், பார்னெட் மூன்றும் வேண்டும். பட்டியலில் உள்ள காலாண்டு பதிவுசெய்த நாளைக் குறிக்கிறது, பிறந்த நாளை அல்ல. பதிவுசெய்ய ஆறு வாரம் அவகாசம் இருந்ததால் மார்ச்சில் பிறந்த குழந்தை ஜூன் காலாண்டில் (ஏப்ரல் முதல் ஜூன் வரை) வரலாம். 1875க்கு முன் பிறந்தவர் அகப்படவில்லையென்றால் பதிவே செய்யாமல் விட்டிருக்கவும் கூடும். அப்போது தேவாலய ஞானஸ்நானப் பதிவுக்குப் போங்கள்.

பத்திரிகைகளை இணையத்தில் தேடும்போது 'பவர்' போன்ற பெயர் உயிரை வாங்கும். ஆங்கிலத்தில் அது சாதாரணச் சொல், ஆயிரக்கணக்கில் வந்து கொட்டும். பெயரோடு அரங்கின் பெயரையும் சேர்த்து, ஆண்டை ஒன்றிரண்டாகக் குறுக்குங்கள்: கேன்டர்பரி, ஆக்ஸ்போர்டு, காலின்ஸ், மெட்ரோபாலிடன் என்று லண்டன் அரங்குகளை ஒவ்வொன்றாக. நெல்லி என்பதன் இரண்டு ஆங்கில எழுத்துக்கூட்டல்களையும் (Nelly, Nellie) போட்டுப் பாருங்கள். ஒரே இரவில் மூன்று அரங்க விளம்பரங்களில் அதே பெயர் இருந்தால் அது பிழையல்ல. லண்டனில் ஒரு மேடையில் பாடி முடித்து வண்டியேறி அடுத்த மேடைக்குப் போவதுதான் அவர்கள் பிழைப்பு. டிசம்பர் கடைசியிலிருந்து பிப்ரவரி வரை ஆளையே காணோம் என்றால் பாண்டோமைம் எனும் கிறிஸ்துமஸ் காலப் பாட்டு நகைச்சுவை நாடகங்களின் பக்கத்தைப் புரட்டுங்கள்.

எங்களுக்கு மிகவும் பிடித்த வழி, குறிப்பிட்ட ஓர் இரவில் யார் எங்கே தங்கியிருந்தார் என்று பதிந்த மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் இருக்கிறது. 1871 ஏப்ரல் 2, 1881 ஏப்ரல் 3, 1891 ஏப்ரல் 5, 1901 மார்ச் 31, 1911 ஏப்ரல் 2: எல்லாமே ஞாயிறு இரவுகள். ஊர் ஊராகப் போகும் கலைஞர்கள் சனிக்கிழமை ஆட்டத்தை முடித்துக்கொண்டு ஞாயிற்றுக்கிழமை ரயிலில்தான் இடம் மாறுவார்கள். ஆகவே சனிக்கிழமை ஆடிய ஊரில் தேடினால் கைக்கு வராது. திங்கட்கிழமை எங்கே ஆட ஒப்பந்தம் என்று 'தி எரா'வில் பார்த்து, அந்த ஊரின் தங்கும் விடுதிகளில் தேடுங்கள். தொழில் என்ற இடத்தில் 'பாடகி', 'நகைச்சுவைக் கலைஞர்' என்றோ, வெறுமனே 'தொழில்முறைக் கலைஞர்' என்றோ இருக்கும். பிற்காலத்தவர் என்றால் 1921 கணக்கெடுப்பும், போர் தொடங்கியதும் மக்களைப் பதிந்த 1939 செப்டம்பர் 29 பதிவேடும் இருக்கின்றன. 1931இன் இங்கிலாந்து, வேல்ஸ் தாள்கள் 1942இல் தீயில் போய்விட்டன.

வயதை மட்டும் கண்ணை மூடிக்கொண்டு ஏற்காதீர்கள், முன்னும் பின்னும் ஐந்தாண்டு விட்டுத் தேடுங்கள். 'சகோதரிகள்' என்று விளம்பரமான ஜோடியில் பலர் உடன்பிறந்தவர்களே அல்ல.

பாட்டை வைத்து ஆளை அடையாளம் காண்பதும் ஆபத்து. 'தி பாய் ஐ லவ் இஸ் அப் இன் தி கேலரி' என்றதும் எல்லோருக்கும் புகழ்பெற்ற மியூசிக் ஹால் பாடகி மேரி லாயிட் நினைவுக்கு வருவார். ஜார்ஜ் வேர் அதை எழுதியது நெல்லி பவருக்காக. லாயிட் 1885இல் எடுத்துப் பாடினார். இரண்டே ஆண்டில் நெல்லி போய்விட, பாட்டு லாயிடின் பெயரோடு ஒட்டிக்கொண்டது. அதனால் ஒரு பாட்டின் பெயர் கிடைத்தால், முதலில் பாடியவர் யார் என்று இசைத்தாள் அட்டையிலும் அந்த ஆண்டின் விளம்பரங்களிலும் சரிபார்த்த பிறகே உங்கள் கலைஞரின் கணக்கில் எழுதுங்கள்.