கற்பனை நாட்டுக்கு ஒரு முடிசூட்டு இசை: முதன்முறை எழுதுபவர்களுக்கு

கதைக்காக ஓர் உலகத்தை உருவாக்கி, வரைபடம் வரைந்து, அரச வம்சத்துக்குப் பெயரும் வைத்தாயிற்று. அடுத்து அந்த நாட்டின் முடிசூட்டு விழாவில் என்ன ஒலிக்கும் என்ற கேள்வி வரும். பலரும் உடனே மெட்டு தேடப் போகிறார்கள். நானும் அப்படித்தான் தொடங்கினேன், மெட்டு எதுவும் விழாவோடு ஒட்டவே இல்லை. சடங்கு இசையை மெட்டிலிருந்து தொடங்கக் கூடாது. அங்கே யார் எங்கிருந்து எங்கே நடக்கிறார்கள், கையில் என்ன வைத்திருக்கிறார்கள் என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

நம் மல்லாரியைப் பாருங்கள். சுவாமி புறப்பாட்டில் நாகசுரமும் தவிலும் வாசிக்கும் அந்த இசைக்குப் பாடல் வரிகள் கிடையாது. ஆனால் தேருக்குத் தேர் மல்லாரி, மடைப்பள்ளியிலிருந்து நைவேத்தியம் வரும்போது தளிகை மல்லாரி என்று செயலுக்கு ஏற்ப வகை இருக்கிறது. 1727-இல் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் ஜார்ஜின் முடிசூட்டுக்கு இசையமைப்பாளர் ஹாண்டெல் எழுதிய ‘சேடாக் தி பிரீஸ்ட்’ என்ற பாடல் இன்றும் அந்நாட்டு முடிசூட்டு விழாக்களில் அபிஷேகத் தைலம் பூசும் கட்டத்துக்கு உரியது. இரண்டிலும் செயல்தான் முதலில் வருகிறது.

சரி, என் கதையில் வரும் உவர்க்கரை என்ற உப்பள நாட்டை வைத்துச் செய்து பார்ப்போம். கணினியில் மியூஸ்ஸ்கோர் என்ற இசைக்குறிப்பு எழுதும் மென்பொருள் இருந்தால் போதும், இலவசம்தான்.

1. சடங்கை ஒரே வாக்கியத்தில் எழுதுங்கள்

“அரசி கடல்நீர் நிறைந்த குடத்தோடு 40 படி ஏறி மேலே வருகிறாள்; மூத்த உப்பளத் தொழிலாளி அவள் நாக்கில் ஒரு கல் உப்பு வைக்கிறார்.” இவ்வளவுதான். கிரீடம், வாள் எல்லாம் வேண்டாம்.

2. நடையை எண்ணுங்கள்

குடத்தோடு ஏறுபவர் ஒரு படிக்கு இரண்டு துடிப்பு எடுத்துக்கொள்வார். 40 படிக்கு 80 துடிப்பு. ஆதி தாளம் போல 8 துடிப்பை ஒரு சுற்றாக வைத்தால் 10 சுற்று. உப்பு வைக்கும் நேரத்துக்கு இன்னொன்று, ஆக 11. மியூஸ்ஸ்கோரில் 4/4 தாளத்தில் நான்கு துடிப்பு கொண்ட கட்டம் ஒரு பார்; ஒரு சுற்று 2 பார், மொத்தம் 22 பார். வேகம் இப்போதைக்கு நிமிடத்துக்கு 60 துடிப்பு.

3. அந்த மண்ணில் என்ன கிடைக்கும்?

உப்பளத்தில் பெரிய மரம் வளராது. ஆகவே வீணை மாதிரி எதுவும் இல்லை. சங்கு உண்டு, நாணல் உண்டு, பானை வாயில் தோல் கட்டிய கொட்டு உண்டு. நாணலில் 4 துளை போட்டால் 5 சுரம் கிடைக்கும். மேற்கத்தியப் பெயரில் டி, எஃப், ஜி, ஏ, சி என்று எடுத்தேன். நம் கணக்கில் ஸ க ம ப நி. சுத்த தன்யாசி ராகம் நினைவுக்கு வரும், உண்மைதான். கமகம் (சுரத்தை அசைத்து இழைப்பது) இல்லாமல் நேராகப் பிடித்தால் வேறு ஊர் வாசனை வந்துவிடும்.

மென்பொருளில் சங்குக்கு ஹார்ன், நாணலுக்கு ஃப்ளூட், கொட்டுக்கு டிம்பனி, மக்களுக்குக் குரல் வரி. ஹார்னில் மட்டும் கவனம்: ‘கான்சர்ட் பிட்ச்’ பொத்தானை அழுத்தாவிட்டால் நீங்கள் டி எழுத, ஜி ஒலிக்கும்.

4. மெட்டு

இரண்டே வரி:

ஸ , ம , ப ம க ஸ
ப , நி , ப ம க ஸ

காற்புள்ளி என்றால் முந்தைய சுரம் இன்னொரு துடிப்பு நீள்கிறது. மியூஸ்ஸ்கோரில் ‘என்’ விசையைத் தட்டி, இரண்டு துடிப்புக்கு 6, ஒரு துடிப்புக்கு 5 அழுத்தி, பிறகு சுரத்துக்குரிய ஆங்கில எழுத்தை (ஸ என்றால் டி) தட்டுங்கள்.

இரண்டு வரிக்கும் வால் ஒன்றுதான் என்பதைக் கவனித்தீர்களா? அது கூட்டத்துக்காக. முதல் முறை கேட்பவர்கூட மூன்றாவது சுற்றில் அந்த வாலைச் சேர்ந்து பாடிவிடுவார். உ-வர்க்-க-ரை என்று நாட்டின் பெயரையே அந்த நான்கு சுரத்தில் வைத்தேன். வேறு வரி தேவைப்படவில்லை.

5. அடுக்குங்கள்

முதல் இரண்டு சுற்று கொட்டு மட்டும், படிக்கு ஓர் அடி. மூன்றில் சங்கு, ஒரே சுரம், ஸ. நான்கு முதல் ஆறு வரை குழல். ஏழில் மக்கள் குரல்.

எட்டும் ஒன்பதும்தான் எனக்கு மிகப் பிடித்த இடம். மல்லாரியைத் திரிகாலத்தில் வாசிக்கும்போது தாளம் அப்படியே நிற்க, மெட்டு மட்டும் இரண்டு மடங்கு, நான்கு மடங்கு என்று வேகம் பிடிக்கும். அதையே செய்யுங்கள். குழல் மட்டும் ஒரே சுற்றுக்குள் முதல் வரியை இரண்டு முறை வாசிக்கட்டும், மக்கள் பழைய வேகத்திலேயே பாடட்டும். ஆறாவது துடிப்பில் இருவரும் ‘ம’வில் சந்திப்பார்கள், எட்டாவது துடிப்பின் முடிவில் இருவரும் ‘ஸ’வில் வந்து சேர்வார்கள். அரசியின் கால் வேகம் மாறவில்லை, கூட்டத்தின் நெஞ்சு மட்டும் படபடக்கிறது. பத்தில் குழலும் பழைய நடைக்குத் திரும்பட்டும்.

பதினொன்றாம் சுற்றில் ஏழு துடிப்பு எதுவும் ஒலிக்க வேண்டாம். உப்பு நாக்கில் படும் நேரம் அது. எட்டாவதில் சங்கு.

6. நடந்து பாருங்கள்

இதைத் தவிர்க்காதீர்கள். ஒலிக்கவிட்டு, ஒரு குடம் தண்ணீரோடு மாடிப்படி ஏறுங்கள். எனக்கு 60 சரியாகத்தான் இருந்தது. அப்புறம் அம்மாவை ஏறச் சொன்னேன். மூட்டு வலி, ஒவ்வொரு படியிலும் இரண்டு காலையும் சேர்த்து வைத்துத்தான் அடுத்ததற்குப் போனார். கொட்டு அவரை விட்டுவிட்டு ஓடியது. என் கதையில் அரசிக்கும் வயது அறுபத்திரண்டு.

வேகத்தை 48 ஆக்கினேன். 80 துடிப்புக்கு 100 விநாடி. அம்மா மேலே வந்து சேர்ந்தபோது குடத்தில் தண்ணீர் தளும்பவில்லை.