பில்ட் பெயரைப் படிக்கும்போது செய்யக்கூடாத தவறுகள்

"இந்த ஃபர்ம்வேர் ரெண்டு மாசம்தான் பழசு, இதுக்குத் திரும்பிப் போயிடலாமா?" என்று போன வாரம் ஒருவர் கேட்டார். ஃபர்ம்வேர் என்பது போனை இயக்கும் அடிப்படை மென்பொருள், அதன் ஒவ்வொரு பதிப்பும் ஒரு பில்ட். கேட்ட வரைக்கும் நல்லது. அவர் இடத்தில் இருந்தபோது நான் யாரையும் கேட்கவில்லை. வேறு மாடலுக்கான கோப்பை ஏற்றுவது, சார்ஜ் இல்லாமல் தொடங்குவது எல்லாம் எல்லோருக்கும் தெரிந்ததுதான், விட்டுவிடுகிறேன்.

முதல் எழுத்தை நம்புவது

டிபி1ஏ.220624.014 என்ற பில்டில் முதல் எழுத்து டிராமிசு என்ற உள்பெயரைக் குறிக்கும், அதாவது ஆண்ட்ராய்டு 13. அந்தக் கணக்கு இப்போது செல்லாது. 2024 மார்ச்சில் ஏபி1ஏ என்று வந்தது ஆண்ட்ராய்டு 14, அப்புறம் ஏபி3ஏ என்று வந்ததோ ஆண்ட்ராய்டு 15. இரண்டுக்கும் முதல் எழுத்து ஏ-தான். நடுவில் உள்ள 220624-உம் வெளியீட்டுத் தேதி இல்லை, அந்த மூலநிரல் கிளை கடைசியாக ஒத்திசைக்கப்பட்ட நாள். அந்த பில்ட் போன்களுக்கு வந்தது ஆகஸ்டில்.

பழைய பில்டுக்குத் திரும்பலாமா என்பதைப் பெயரில் தேடுவது

இதைப் பார்த்தால் எனக்கு இன்னும் ஆத்திரம் வருகிறது.

சாம்சங் பில்ட் ஒன்று யூ5சிவிஎஃப்2 என்று முடிகிறது என்று வைத்துக்கொள்வோம். வி என்றால் 2022, எஃப் என்றால் ஆறாவது மாதம், கடைசி 2 அந்த மாதத்தில் எத்தனையாவது பில்ட் என்பது. புதிதாக வருகிறவர்கள் இந்த மூன்றையும் படித்ததும் எல்லாம் புரிந்துவிட்டது என்று நினைத்துவிடுகிறார்கள். ஆனால் முன்னால் நிற்கும் அந்த 5-தான் பூட்லோடரின், அதாவது போனைத் தொடக்கிவைக்கும் நிரலின், எண். புதிய பூட்லோடர் ஏறும்போது சிப்புக்குள்ளேயே சின்னச் சின்ன ஃபியூஸ்கள் எரிந்து இந்த எண் பதிவாகிவிடும், எரிந்த ஃபியூஸை எந்த மென்பொருளாலும் திரும்பக் கொண்டுவர முடியாது. 5-இல் இருக்கும் போன் 4-ஐ ஏற்காது, அது ஒரே ஒரு மாதம் பழசாக இருந்தாலும் சரி. 5-க்குள்ளேயே என்றால் பல மாதம் பழைய பில்டையும் பூட்லோடர் தடுக்காது.

சாம்சங்கிலாவது அந்த எண் பெயரிலேயே இருக்கிறது, பொருந்தாவிட்டால் எழுதுவதற்கு முன்பே பிழை காட்டி நிறுத்திவிடும். என்னிடம் இருந்தது வேறு தயாரிப்பு. அதன் பில்ட் பெயரில் இந்த எண்ணே கிடையாது. அப்டேட்டுக்குப் பிறகு சிக்னல் விட்டுவிட்டுப் போகிறது என்று, அதே மாடல், அதே ரீஜியன், முந்தைய பில்ட் என்று பெயரை எழுத்தெழுத்தாக ஒப்பிட்டுப் பார்த்துத்தான் ஏற்றினேன். முடிந்தது என்று காட்டியது, ரீஸ்டார்ட் ஆகவில்லை. திரை கறுப்பு, அதிர்வு இல்லை, சார்ஜில் போட்டால் விளக்கும் எரியவில்லை. கணினியில் செருகினால் டிவைஸ் மேனேஜரில் 9008 என்று ஒரு வரி மட்டும். குவால்காம் சிப்பின் அவசர நிலை அது. அந்த நிலையில் எழுதுவதற்குத் தயாரிப்பாளர் கையெழுத்திட்ட புரோகிராமர் கோப்பு வேண்டும், என்னிடம் இல்லை. கடைசியில் போர்டையே மாற்றினேன், உள்ளே இருந்த படங்கள் அத்தனையும் போயின.

ஃபாஸ்ட்பூட்டில், அதாவது கணினியிலிருந்து போனுக்குக் கட்டளை கொடுக்கும் நிலையில், "கெட்வார் ஆன்டி" (getvar anti) என்று ஒரு கட்டளை கொடுத்துப் பார்த்திருந்தால் போதும், பல போன்களில் அந்த எண் வந்துவிடும். அது வராத போன் என்றால் தயாரிப்பாளரின் அப்டேட் அறிவிப்பைப் படியுங்கள். 2022 ஆகஸ்டில் பிக்சல் 6 வரிசைக்கு ஆண்ட்ராய்டு 13 வந்தபோது, ஏற்றிய பிறகு 12-க்குத் திரும்ப முடியாது என்று கூகுள் முன்கூட்டியே எழுதியிருந்தது.

பேஸ்பேண்டும் பில்டும் ஒன்றல்ல

எம்பிஎஸ்எஸ் என்றோ மோலி என்றோ தொடங்கும் வரி பேஸ்பேண்ட், அதாவது நெட்வொர்க் சிக்னலைக் கவனிக்கும் மோடத்தின் மென்பொருள், பில்ட் பெயர் இல்லை. முன்னது குவால்காம், பின்னது மீடியாடெக்.

சிப் எண்ணை மாடல் எண்ணாக எடுப்பது

எம்டி6765 என்பது ஹீலியோ பி35 சிப், போன் இல்லை. அதே சிப் எத்தனையோ போன்களில் இருக்கிறது, ஒன்றின் பிரீலோடரை (போன் தொடங்கும்போது முதலில் ஓடும் நிரலை) இன்னொன்றில் ஏற்றாதீர்கள்.